தமிழ்நாட்டுப் பௌத்தம் இருந்த இடங்களும் போன வழியும்

கேள்வி கேட்டவர் மூன்று விஷயங்களை ஒரே மூச்சில் கேட்டிருக்கிறார். தமிழ்நாடு ஒரு காலத்தில் முழுக்கப் பௌத்த நாடாக இருந்ததா? சைவர்கள் எண்ணாயிரம் பேரைக் கழுவேற்றித்தான் அதை அழித்தார்களா? தம் ஊர் வயலோரத்தில் உட்கார்ந்திருக்கும் முனியப்பன் உண்மையில் புத்தரா? இந்த மூன்றுக்கும் அடியில் இருப்பது ஒரே கேள்விதான் என்று நினைக்கிறேன். ஆயிரம் ஆண்டுக்கு மேல் இங்கே வாழ்ந்த ஒரு சமயம், வழிவழியாக வந்த குடும்பம் ஒன்றுகூட மிச்சமில்லாமல் எப்படிப் போயிற்று? முப்பது வருடத்துக்கும் மேலாகக் கல்வெட்டும் செப்பேடும் படித்து வருகிறேன், மாணவர்களுக்கு வாசிக்கவும் கற்றுக்கொடுத்திருக்கிறேன். பாலி நூல்களையும் சீனப் பயணக் குறிப்புகளையும் மொழிபெயர்ப்பில்தான் படித்தவன். அந்தப் பகுதியில் நான் சொல்வதை அந்த அளவில் எடுத்துக்கொள்ளுங்கள்.

தொடக்கத்தில் எல்லாரும் அசோகரைச் சொல்வார்கள். அவருடைய 2ஆம் பாறைக் கட்டளையில் சோழர், பாண்டியர், சதியபுத்திரர், கேரளபுத்திரர், இலங்கை எல்லாம் வருவதும், 13ஆம் கட்டளையில் சோழர், பாண்டியர், இலங்கை வருவதும் உண்மை. ஒன்றில் மனிதருக்கும் கால்நடைக்கும் மருத்துவ வசதி செய்ததாகச் சொல்கிறார், இன்னொன்றில் தருமத்தால் வென்றதாகச் சொல்கிறார். ஆனால் இங்கே விகாரம், அதாவது பிக்குகள் தங்கும் மடம், கட்டியதாகவோ மக்கள் புத்தரை வணங்கியதாகவோ அதில் ஒரு சொல்லும் இல்லை. தமிழ்நாட்டு எல்லைக்குள் அசோகர் கல்வெட்டு எதுவும் கிடைத்ததும் இல்லை. மதுரையைச் சுற்றியுள்ள மலைக்குகைகளில் தமிழ்ப் பிராமி எழுத்தோடு கல் படுக்கைகள் இருக்கின்றன. ஆரம்பத்தில் படித்தவர்கள் சிலர் அவற்றைப் பௌத்தத் துறவிகளின் இருப்பிடம் என்று நினைத்தார்கள். பிறகு எழுத்துகள் சரியாகப் படிக்கப்பட்டபோது, குறிப்பாகக் கல்வெட்டறிஞர் ஐராவதம் மகாதேவனின் உழைப்புக்குப் பிறகு, பெரும்பாலானவை சமணருக்குக் கொடுக்கப்பட்டவை என்பதே வலுவான முடிவாகியிருக்கிறது. ஆக, கி.மு. நூற்றாண்டுகளில் தமிழ் மண்ணில் பௌத்தம் எவ்வளவு வேரூன்றியிருந்தது என்பதற்குக் கையில் பிடித்துக் காட்டும் சான்று மிகக் குறைவு.

எனக்குப் பிடித்த சான்றுகள் தமிழ்நாட்டுக்கு வெளியே இருக்கின்றன. ஆந்திரத்தின் அமராவதி தூபியில் ஒரு கல்வெட்டு, தமிழனான கண்ணன் என்பவனும் அவன் உடன்பிறந்தவர்களும் கொடுத்த கொடையைச் சொல்கிறது. இலங்கை அனுராதபுரத்தில் ஒரு பாறையை ஒட்டித் தமிழ்க் குடும்பத் தலைவர்கள் அமைத்த மேடை ஒன்று உண்டு. அதில் யார் யார் எங்கே உட்கார வேண்டும் என்று இருக்கைக்கு நேராகவே பெயர் வெட்டியிருக்கிறது. அந்தப் பெயர்களுக்கு நடுவே கப்பல் தலைவன் ஒருவனும் இருக்கிறான். இந்தத் தமிழர்கள் பயணம் போனவர்கள், சரக்கு ஏற்றியவர்கள். தமிழ்ப் பௌத்தத்தைப் புரிந்துகொள்ள நான் பிடித்துக்கொள்ளும் இழை இதுதான். இது துறைமுகத்திலும் பெருவழியிலும் பெரு நகரத்திலும் வளர்ந்த சமயம். நாடு முழுக்க ஒரே பௌத்தமாக ஒருநாளும் இருந்ததில்லை. சமணம், ஆசீவகம், வேள்வி செய்தவர்கள், முருகனையும் திருமாலையும் சிவனையும் கொற்றவையையும் கும்பிட்டவர்கள் எல்லாருக்கும் நடுவில் அதுவும் ஒன்றாக இருந்தது.

காவிரிப்பூம்பட்டினத்தைப் பாருங்கள். அங்கே பல்லவனீச்சுரம் பகுதியில் 1960களில் தோண்டியபோது செங்கல்லால் கட்டிய விகாரம் ஒன்று, வரிசையாக அறைகளோடு வெளிப்பட்டது. சுண்ணாம்புக்கல்லில் செதுக்கிய புத்தர் பாதமும் கிடைத்தது. தோண்டி எடுத்த இந்தக் கட்டடத்துக்குப் பக்கத்தில் வைத்துப் படிக்க வேண்டியவர் பாலியில் எழுதிய பிக்கு புத்ததத்தர். உறையூர்க்காரர், 5ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவர் என்று பொதுவாகக் கொள்கிறார்கள். தாம் காவிரிப்பட்டினத்து விகாரத்தில் இருந்து எழுதியதைத் தம் பாலி நூலிலேயே சொல்கிறார். பிக்குகளின் ஒழுக்க விதிகள் பற்றிய வேறொரு நூலைச் சோழ நாட்டுப் பூதமங்கலத்தில் இருந்து, களப்பிர குலத்து அச்சுதவிக்கந்தன் ஆட்சியில் எழுதியதாகவும் குறிக்கிறார். பள்ளிப் பாடத்தில் ‘இருண்ட காலம்’ என்று படித்த களப்பிரர் காலத்தில், காவிரிக் கரையில் உட்கார்ந்து ஒரு தமிழர் இலங்கையிலும் பர்மாவிலும் இன்றைக்கும் படிக்கிற நூலை எழுதிக்கொண்டிருந்தார். இது உறுதி. பாலி நூல்களின் பெரிய உரையாசிரியர் புத்தகோசர் காஞ்சியில் தங்கியதற்கும் அவர் உரைநூலின் முடிவுரையிலேயே குறிப்பு இருக்கிறது.

மணிமேகலையைப் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. அதன் காலம் பற்றிச் சண்டை ஓயவில்லை. 2ஆம் நூற்றாண்டு என்பவர்களும் உண்டு, 6ஆம் நூற்றாண்டு என்பவர்களும் உண்டு. 29ஆம் காதையில் வரும் தருக்கப் பகுதி பௌத்தத் தருக்க அறிஞர் திக்நாகர் வழி வந்த நூலோடு நெருங்கிப் போவதால் நான் பிந்திய காலத்தின் பக்கமே சாய்கிறேன். காலம் எதுவானாலும், பல சமயம் கலந்த ஒரு நாட்டில் பௌத்தம் எப்படி வாழ்ந்தது என்பதை அதைவிடத் தெளிவாகக் காட்டும் நூல் நமக்கு இல்லை. 27ஆம் காதையில் மணிமேகலை வஞ்சி நகரில் ஒவ்வொரு சமயவாதியிடமும் போய் ‘உங்கள் கொள்கை என்ன’ என்று கேட்கிறாள். சைவவாதி, வைணவவாதி, வேதவாதி, ஆசீவகவாதி, நிகண்டவாதி, சாங்கியவாதி, கடவுளே இல்லை என்கிற பூதவாதி வரை எல்லாரும் ஒரே ஊரில் இருக்கிறார்கள், கேட்டால் பதில் சொல்கிறார்கள். அதே நூலில் அவள் அமுதசுரபியோடு பசித்தவர்களைத் தேடிப் போகிறாள், சிறைக்கோட்டத்தை அறக்கோட்டம் ஆக்குகிறாள். சோறு போடுவதையே அறத்தின் முதல் படியாக வைத்த பௌத்தம் அது. படிக்கும்போதெல்லாம் என்னை நிறுத்துகிற இடமும் அதுதான்.

7ஆம் நூற்றாண்டில் காஞ்சி. சீனப் பயணி யுவான் சுவாங் 640 வாக்கில் அங்கே வந்தபோது நூற்றுக்கு மேற்பட்ட சங்காராமங்களும், அதாவது பௌத்த மடங்களும், பத்தாயிரம் பிக்குகளும் இருந்ததாக எழுதுகிறார். பக்கத்திலேயே எண்பது தேவர் கோயில்களும் நிறைய நிர்க்கிரந்தர்களும், அதாவது சமணர்களும், இருந்ததாகவும் எழுதுகிறார். முதல் பாதியை மட்டும் மேற்கோள் காட்டுகிறவர்கள் இரண்டாம் பாதியை விட்டுவிடுகிறார்கள், அதனால்தான் குழப்பம். எண்ணிக்கை கொஞ்சம் முழு எண்ணாக இருப்பதைக் கவனியுங்கள், தலையை எண்ணி எழுதியது அல்ல. ஆனால் இலங்கையில் பஞ்சமும் குழப்பமும் என்று அங்கிருந்து வந்த பிக்குகளைக் காஞ்சியிலேயே அவர் சந்தித்த செய்தி, அந்த நகரம் கடலோடு எவ்வளவு ஒட்டியிருந்தது என்று காட்டுகிறது. அதற்குக் கொஞ்சம் முன்னால் மகேந்திரவர்ம பல்லவன் எழுதிய மத்தவிலாசப் பிரகசனம் என்ற நகைச்சுவை நாடகத்தில் ஒரு பௌத்தப் பிக்கு வருகிறார். விகாரத்து விருந்தை ருசித்துவிட்டு, கள்ளும் பெண்ணும் வேண்டாம் என்று புத்தர் எங்கே சொன்னார், கிழட்டுத் தேரர்கள், அதாவது மூத்த பிக்குகள், அந்த ஏட்டை மறைத்துவிட்டார்கள் என்று புலம்புகிறார். கேலிதான். ஆனால் ஒரு அரசன் மேடையில் கேலி செய்கிற அளவுக்கு விகாரங்கள் செல்வமாக இருந்தன என்பதும் அதில் தெரிகிறது.

சீனாவில் ஜென் பௌத்தத்தைத் தொடங்கியவராகச் சொல்லப்படும் போதிதருமர் காஞ்சி இளவரசர் என்பதும் உறுதிதானே என்று கேட்பீர்கள். இல்லை. 547 வாக்கில் எழுதிய சீனக் குறிப்பு அவரைப் பாரசீகத்துக்காரர் என்கிறது. அவருடைய சீடராகச் சொல்லப்படும் தான்லின் எழுதிய முன்னுரை தென்னிந்திய அரசர் ஒருவரின் மூன்றாம் மகன் என்கிறது. இந்த இரண்டிலும் காஞ்சியும் இல்லை, பல்லவரும் இல்லை. தென்னிந்தியர் என்பது வாய்ப்புள்ள செய்தி. காஞ்சி என்பது பிற்காலத்தில் சேர்ந்தது. காஞ்சியில் தங்கிவிட்டுக் கடல் வழியாக 720 வாக்கில் சீனா போய்ச் சேர்ந்த பிக்கு வஜ்ரபோதிக்கு இதைவிட நல்ல சான்று இருக்கிறது. ஏனோ அவர் பெயரை இங்கே யாரும் சொல்வதில்லை.

சரி, கழுவேற்றத்துக்கு வருவோம். அந்தக் கதை சமணரைப் பற்றியது, பௌத்தரைப் பற்றியது அல்ல. இடம் மதுரை, காலம் சம்பந்தர் வாழ்ந்த 7ஆம் நூற்றாண்டு. ஆனால் கதை விரிவாக வருவது அவருக்கு நானூறு, ஐந்நூறு ஆண்டுகள் கழித்து வந்த சைவ நூல்களில். அக்காலத்துக் கல்வெட்டு எதுவும் அதைச் சொல்லவில்லை. நடக்கவே இல்லை என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன், எண்ணாயிரம் என்ற கணக்கை வரலாறாக எழுதவும் மாட்டேன். பௌத்தரோடு இருந்த பகை வேறு வகை. சம்பந்தரின் பதிகங்களில் பெரும்பாலும் பத்தாம் பாட்டு சமணரையும் சாக்கியரையும் சாடும். தேரர் என்றும் புத்தர் என்றும் அவர்களைக் குறிப்பிடுவார். போதிமங்கையில் பௌத்தரோடு வாது நடந்து ஒருவர் தலை விழுந்ததாகப் பெரியபுராணம் சொல்கிறது. திருமங்கையாழ்வார் நாகப்பட்டினத்துப் பொன் புத்தரை எடுத்துத் திருவரங்கத்து மதில் கட்டினார் என்று வைணவ குருபரம்பரைக் கதை சொல்கிறது. இவை பிற்கால மரபுகள். ஆனால் ஒரு சமயத்தார் தங்கள் பெரியவரைப் பற்றிப் பெருமையாக இப்படிச் சொல்லிக்கொண்டார்கள் என்பதே பகை இருந்ததற்குச் சான்று. அந்தப் பகையை மூடி மறைத்து ‘எல்லாரும் அண்ணன் தம்பியாக இருந்தார்கள்’ என்று எழுதுவதும் தப்புதான். அதே பெரியபுராணத்தில் பௌத்தத் துறவிக் கோலத்தை மாற்றாமலே சிவனை வழிபட்ட சாக்கிய நாயனாரும் அறுபத்துமூவரில் ஒருவராக இருக்கிறார்.

பகை 7ஆம் நூற்றாண்டிலேயே கதையை முடித்திருந்தால் நாகப்பட்டினம் நடந்திருக்காது. கடல் கடந்து சுமத்ராப் பக்கம் இருந்த ஸ்ரீவிஜய நாட்டு அரசர் மாறவிஜயோத்துங்கவர்மர் அங்கே தம் தந்தை பெயரில் சூளாமணிவர்ம விகாரம் எழுப்பினார். அதற்கு ஆனைமங்கலம் என்ற ஊரை ராஜராஜ சோழன் தன் 21ஆம் ஆட்சியாண்டில், அதாவது 1006 வாக்கில், கொடுத்தான். தஞ்சைப் பெரிய கோயில் எழும்பிக்கொண்டிருந்த அதே வருடங்கள். அந்த ஆவணம்தான் 21 ஏடு கொண்ட ஆனைமங்கலச் செப்பேடு. நெதர்லாந்தின் லெய்டனுக்குப் போய்ச் சேர்ந்ததால் பெரிய லெய்டன் செப்பேடு என்றும் பெயர். அதைப் படிக்கும்போது சமயமே மறந்துபோகும், அவ்வளவு நுணுக்கமான வருவாய்த் துறைக் காகிதம் அது. ஏறத்தாழ 97 வேலி நிலம், 8,900 கலத்துக்கு மேல் நெல், பெண் யானையை நடத்தி எல்லை வகுத்தது, எந்த வாய்க்காலுக்கு எந்தப் பக்கம், யார் யார் கையெழுத்து. சிவன் கோயிலுக்கு நிலம் கொடுத்தால் என்னென்ன சடங்கு உண்டோ அத்தனையும் புத்தர் பள்ளிக்கும் நடந்திருக்கிறது. பிறகு 1025இல் ராஜேந்திரன் அதே ஸ்ரீவிஜயத்தின் மேல் படையெடுத்தான். ஆனாலும் விகாரம் இருந்தது. 1090இல் குலோத்துங்கன், கடாரத்து (ஸ்ரீவிஜயத்தைச் சோழர் அப்படியும் அழைத்தார்கள்) அரசரின் தூதர்கள் கேட்டுக்கொண்டபடி அதன் நிலங்களுக்கு வரி நீக்கிக் கொடுத்திருக்கிறான். நடுவில் வீரராஜேந்திரன் காலத்தில் பொன்பற்றித் தலைவர் புத்தமித்திரர், அகத்தியருக்குத் தமிழ் கற்றுக்கொடுத்ததே போதிசத்துவரான அவலோகிதர்தான் என்று பாடி வீரசோழியம் என்ற இலக்கணத்தைச் சோழன் பெயரிலேயே எழுதினார்.

நாகப்பட்டினத்தில் 1856 தொடங்கிச் சுமார் 350 பௌத்தச் செப்புத் திருமேனிகள் கிடைத்தன. பெரும்பகுதி சென்னை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அவற்றில் சிலவற்றின் பீடத்தில் தமிழ் எழுத்து உண்டு. நாகப்பட்டினத்துப் புத்தர் ஒருவரின் பீடத்தில், ராஜேந்திர சோழப் பெரும்பள்ளியில் இருந்த அக்கசாலைப் பெரும்பள்ளிக்கு, திருவுற்சவம் எழுந்தருள ஆழ்வார் என்று வெட்டியிருக்கிறது. அக்கசாலை என்றால் பொற்கொல்லர் பட்டறை. கவனியுங்கள், புத்தர் இங்கே ஆழ்வார். பட்டறைக்காரர்களின் நாயகர். திருவிழாவில் தெருவில் எழுந்தருளுகிறவர். உற்சவமூர்த்தி, வீதி உலா, நிலக்கொடை எல்லாம் பக்கத்துக் கோயிலில் நடப்பது போலவே. தமிழ்ப் பௌத்தம் தன்னைச் சுற்றியிருந்தவர்களின் மொழியை எவ்வளவு ஆழமாகப் பேசியது என்பதற்கு இந்த ஒரு வரி போதும். அது மறைந்த விதத்துக்கும் இதிலேயே ஒரு விளக்கம் இருக்கிறது என்பது என் கருத்து.

பௌத்தத்தில் பிரிவு தெரிவது பிக்குவிடம்தான். இல்லறத்தாருக்குத் தனியான கல்யாணச் சடங்கோ, வாரிசு முறையோ, சாதிப் பிரிவோ இங்கே இருந்ததாகத் தெரியவில்லை. சமணத்தில் இல்லறத்தாரைக் கட்டிப்போட்ட விரதங்களும் உணவு நெறியும் இருந்தன. அதனால் வட மாவட்டங்களில் தமிழ்ச் சமணக் குடும்பங்கள் இன்று வரை இருக்கிறார்கள். பௌத்த விகாரத்துக்கு வணிகரும் அயல்நாட்டு அரசரும் கொடுத்து வந்தது நின்றால் பிக்குகள் நகர்ந்து போவார்கள், போக இலங்கையும் பர்மாவும் இருந்தன. 13ஆம் நூற்றாண்டில் இலங்கை அரசன் இரண்டாம் பராக்கிரமபாகு சோழ நாட்டில் இருந்து கற்ற பிக்குகளை வரவழைத்ததாக இலங்கையின் பாலி வரலாற்று நூலான சூளவம்சம் சொல்கிறது. இங்கே அதுவரை அறிஞர்கள் இருந்தார்கள் என்பதும், கிளம்பிப் போனார்கள் என்பதும் ஒரே செய்தியில் தெரிகிறது. அவர்கள் போன பிறகு மிஞ்சியது விழாவும் திருமேனியும். அதற்கும் அடுத்த தெருக் கோயிலுக்கும் கும்பிடுகிறவர்களுக்கு வித்தியாசம் பெரிதாக இருந்திருக்காது. ஊரின் நிலமும் நீரும் சிவன், பெருமாள் கோயில்களைச் சுற்றியே சுழலத் தொடங்கிய காலம் வேறு. இது என் ஊகம்தான், கல்வெட்டு இதை நேராகச் சொல்லாது. சைவ, வைணவ பக்தி இயக்கம் அரசர்களின் ஆதரவைத் தன் பக்கம் திருப்பியதற்குத்தான் முதல் இடம் கொடுக்க வேண்டும் என்று நல்ல அறிஞர்கள் வாதிடுகிறார்கள். அதையும் நான் தள்ளவில்லை.

எப்போது முடிந்தது? நினைப்பதைவிட மிகத் தாமதமாக. பர்மாவில் உள்ள 1476இன் கல்யாணிக் கல்வெட்டில், கப்பல் உடைந்து கரையேறிய பர்மியத் தேரர்கள் நாகப்பட்டினம் வந்து, பழைய விகாரம் இருந்த இடத்தைப் பார்த்துப் புத்தரை வணங்கிய செய்தி இருக்கிறது. அவர்கள் பார்த்தது இருந்த இடத்தைத்தான், நடந்துகொண்டிருந்த விகாரத்தை அல்ல. ஆனால் 1580இல் கும்பகோணத்துக் கல்வெட்டு ஒன்று, செவ்வப்ப நாயக்கர் காலத்தில், வாய்க்கால் வெட்டியதில் போன நிலத்துக்கு ஈடாக நிலம் கொடுத்ததைச் சொல்லும்போது திருவிளந்துறைப் புத்தர் கோயிலைக் குறிப்பிடுகிறது. அதற்கு நிலம் இருந்தது, இழப்பீடு கொடுக்க வேண்டியிருந்தது. நாகப்பட்டினத்தில் கப்பல்காரர்களுக்கு அடையாளமாக நின்ற செங்கல் கோபுரம், புதுவெளிக் கோபுரம் என்றும் சீனக் கோபுரம் என்றும் சொல்வார்கள், 1867இல் பிரிட்டிஷ் அரசின் அனுமதியோடு இடிக்கப்பட்டது. உ.வே.சாமிநாதையர் 1898இல் மணிமேகலையைப் பதிப்பித்தபோது, பௌத்தச் சொற்களுக்குப் பொருள் கேட்க ஒரு தமிழ்ப் பௌத்தர் இல்லை. ஆங்கில நூல்களைப் படித்திருந்த ரங்காசாரியார் என்ற பேராசிரியரிடம் கேட்டுத்தான் புரிந்துகொண்டார். அதே 1898இல் சென்னையில் அயோத்திதாசப் பண்டிதர் சாக்கிய பௌத்த சங்கம் தொடங்கினார். அது இங்கே புதிதாக முளைத்த பௌத்தம், அதன் கதையைத் தனியாகத்தான் எழுத வேண்டும்.

இனி உங்கள் ஊர் முனியப்பன். இருக்கலாம். சேலம் பெரியேரியில் தலைவெட்டி முனியப்பனாகக் கும்பிட்ட சிலையைத் தொல்லியல் துறை சுத்தம் செய்து பார்த்து, புத்தர் என்று அறிக்கை கொடுத்தது. அதை ஏற்றுச் சென்னை உயர்நீதிமன்றம் 2022இல் தீர்ப்பும் சொன்னது. வெட்டுப்பட்ட தலையைச் சிமெண்டு வைத்து ஒட்டியிருந்தார்கள். சோழ நாட்டு ஊர்களில் புத்தரைச் செட்டியார் என்றும் ரிஷி என்றும் கும்பிடுவதும் உண்டு. ஆனால் அவசரப்பட வேண்டாம். உட்கார்ந்த கோலத்தில், மடியில் கைமேல் கை வைத்திருந்தால் அது தீர்த்தங்கரராகவும் இருக்கலாம், இந்தத் தவற்றை அனுபவசாலிகளே செய்திருக்கிறார்கள். முதலில் மார்பைப் பாருங்கள். இடது தோளில் இருந்து குறுக்கே ஆடையின் விளிம்புக் கோடு ஓடுகிறதா? எண்ணெயும் திருநீறும் படிந்திருந்தால் கண்ணுக்குத் தெரியாது, விரலால் மெதுவாகத் தடவினால் மேடு தட்டும். கோடு இருந்தால் புத்தர் பக்கம். எதுவுமே இல்லாமல் வெற்று மார்பு, தலைக்கு மேல் முக்குடை என்றால் சமணர். அப்புறம் தலை. சுருள் முடிக்கு மேல் கொண்டை போன்ற மேடும், அதன் மேல் தீச்சுடரும் இருந்தால் சோழர் காலத்துப் புத்தர் என்பதில் சந்தேகம் மிகக் குறைவு. பீடத்தின் முன் முகத்தில் சிங்கமோ எழுத்தோ இருக்கிறதா என்றும் பாருங்கள். எண்ணெய்ப் படிவத்தைச் சுரண்டவோ அமிலம் போட்டுக் கழுவவோ கூடாது, அடியில் எழுத்து இருந்தால் அதோடு போய்விடும். காலை வெயில் சாய்வாக விழும் நேரத்தில் முன், பின், இரு பக்கம், பீடம் என்று ஐந்து படம் எடுத்து, பூசை செய்கிறவரிடம் பேசிவிட்டு, மாவட்டத் தொல்லியல் அலுவலருக்கு அனுப்புங்கள். அந்தச் சாமியைத் தலைமுறையாக எண்ணெய் வார்த்து வெயிலிலும் மழையிலும் காப்பாற்றியவர் அந்தப் பூசாரி. அவருக்குத் தெரியாமல் எதையும் செய்ய வேண்டாம்.